கைக்குள் அடங்கும் ஆற்றல்: ராமநாதபுரம் கரையில் நடக்கும் ஃபேண்டஸிக் கதைக்கு எந்தக் கருவி பொருந்தும்?

ராமநாதபுரம் கரையைக் களமாக வைத்து ஃபேண்டஸி எழுதுகிறவர்கள், சித்திரக்கதை வரைகிறவர்கள், கணினி விளையாட்டு செய்கிறவர்கள் எல்லோரும் ஓரிடத்தில் வந்து நின்றுவிடுகிறார்கள். கதையில் வத்தை என்னும் சிறு படகு துடுப்பில்லாமல் ஓட வேண்டும், விளக்கு எண்ணெயில்லாமல் எரிய வேண்டும், பெட்டிக்குள்ளிருந்து குரல் கேட்க வேண்டும். இதற்கெல்லாம் மடியில் கட்டிக்கொண்டு போகிற அளவில் ஓர் ஆற்றல் கருவி தேவை. அது என்ன கருவி என்பதில்தான் சிக்கல்.

பெரும்பாலானோர் முதலில் எடுப்பது ஒளிரும் நீலக்கல். எங்கிருந்து வந்தது என்றால் முன்னோர் விட்டுப்போனது என்பார்கள். அந்தக் கல்லை அப்படியே எடுத்து மலைநாட்டுக் கதையிலும் வைக்கலாம், பாலைவனக் கதையிலும் வைக்கலாம். தொண்டி, தேவிபட்டினம், மண்டபம், பாம்பன், கீழக்கரை, ஏர்வாடி, வாலிநோக்கம், மூக்கையூர் என்று நீளும் கரையை எடுத்துக்கொண்டு, கதையின் உயிர்நாடியான பொருளை மட்டும் வேறெங்கிருந்தோ இரவல் வாங்குவது எனக்கு ஒப்பவில்லை. இங்கேயே கிடக்கிற சரக்கிலிருந்து ஐந்து கருவிகளை எடுத்து, ஒன்றோடொன்று வைத்துப் பார்த்திருக்கிறேன். கருவிகள் கற்பனை. அவற்றின் அடியிலிருக்கும் இயற்பியலும் ஊர்ச் செய்தியும் உண்மை.

## எதை வைத்து எடைபோடுவது

முதலில், கருவி எதைத் தின்று ஓடுகிறது என்று பார்க்க வேண்டும். ஒன்றும் தின்னாத கருவியால் கதைக்கு ஒரு பயனும் இல்லை. தின்னும் பொருள் அந்த ஊரில் அருமையானதாக இருந்தால் கதை தானாக நகரும்.

அடுத்தது, ஒரு கிலோ எடைக்குள் எவ்வளவு அடங்கும் என்பது. நிஜ உலகத்து அளவு கையிலிருந்தால் கற்பனைக்கும் ஒரு கரை கிடைக்கும். லெட் ஆசிட் பேட்டரியில் கிலோவுக்கு 30 முதல் 40 வாட்-மணி. லித்தியம் அயனியில் 150 முதல் 250 வரை. பெட்ரோலில் ஏறத்தாழ 12,000. இதில் உங்கள் கருவி எந்தப் படியில் நிற்கிறது என்று நீங்கள் முடிவு செய்யாவிட்டால், மூன்றாம் அத்தியாயத்தில் விளக்குக்கே திணறிய கருவி பத்தாம் அத்தியாயத்தில் கப்பலைத் தூக்கும்.

மூன்றாவது உப்புக்காற்று. 1914-இல் திறந்த பழைய பாம்பன் ரயில் பாலத்தின் இரும்பைக் காப்பாற்ற ஓயாமல் பெயின்ட் அடித்துக்கொண்டே இருந்தார்கள். 2025 ஏப்ரலில் திறந்த புதிய பாலத்துக்குத் துருப்பிடிக்காத எஃகுக் கம்பி போட்டுத்தான் கட்ட வேண்டியிருந்தது. அந்தக் காற்றில் உங்கள் கருவி மட்டும் பளபளவென்று இருந்தால் உள்ளூர் வாசகர் ஒருவரும் நம்ப மாட்டார்.

கடைசியாக, சாவி யார் கையில்? நிரப்புகிற இடம், பழுது பார்க்கிற கை, விலை சொல்கிற வாய், இந்த மூன்றும் யாருடையவை? என் எடைக்கல்லில் இதுதான் கனம். கருவியைக் கண்டுபிடித்ததும் ஊரில் யார் பெரிய மனிதர் ஆகிறார், யார் கடனாளி ஆகிறார் என்று சொல்ல முடியாவிட்டால் அந்தக் கருவி வெறும் அலங்காரம்.

| கருவி | தீனி | கைக்குள் அடங்குவது | உப்புக்காற்றில் | சாவி யார் கையில் |
|---|---|---|---|---|
| உவர்க்கலம் | நன்னீர் அல்லது பாத்தி உவர்நீர் | மிகக் குறைவு, ஆனால் ஓயாது | கலம் தாங்கும், சவ்வில் பாசி பிடிக்கும் | ஊற்று, ஊருணி, உப்பளம் வைத்திருப்பவர் |
| இடிச்சங்கு | மின்னல் | ஒரே வீச்சில் மிகப் பெரிது | ஈரத்தில் கசிந்துவிடும் | சங்கு குளிப்பவர், அவருக்கு முன்பணம் தருபவர் |
| திருக்கைப் பேழை | இரை, கடல்நீர் | சிறிது | பாதிப்பில்லை | பேழையை வளர்ப்பவர், கொஞ்சம் திருக்கையும் |
| கதிர்க்கல் | ஒன்றுமில்லை | பெரிது, பல பத்தாண்டு நிற்கும் | பாதிப்பில்லை | வெளியூர் வணிகர் |
| காற்றுச்சுருள் | காற்று | சிறிது | துருவே எமன் | யாரும் இல்லை |

## உவர்க்கலம்

நன்னீரையும் கடல்நீரையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, தண்ணீரை மட்டும் விடுகிற சவ்வு ஒன்றை நடுவில் கட்டினால், நன்னீர் உப்புப் பக்கம் ஏறும். அந்த இழுப்பு லேசுப்பட்டதல்ல. ஏறத்தாழ 27 பார் அழுத்தம், அதாவது 270 மீட்டர் உயரத்திலிருந்து தண்ணீர் விழுவதற்குச் சமம். நார்வேயில் ஸ்டாட்கிராஃப்ட் நிறுவனம் இதே தத்துவத்தில் 2009-இல் ஒரு மாதிரி மின்நிலையம் திறந்து, கட்டுப்படியாகாமல் சில ஆண்டுகளில் கைவிட்டது. கதையில் அந்தக் கட்டுப்படியாகாமைதான் நமக்கு வரம்.

கணக்கைப் பாருங்கள். துளி இழப்பில்லாமல் ஓடினாலும் ஒரு லிட்டர் நன்னீரிலிருந்து முக்கால் வாட்-மணிக்கு மேல் வராது. 5,000 மில்லியாம்பியர்-மணி செல்போன் பேட்டரியில் இருப்பது சுமார் 19 வாட்-மணி. அதை ஒரு முறை நிரப்ப இரண்டு குடம் நன்னீர் போக வேண்டும். 10 குதிரைச் சக்தி எஞ்சின் பொருத்திய வல்லம் ஒரு மணி நேரம் ஓட வேண்டுமானால் பத்தாயிரம் லிட்டர், அதாவது ஒரு தண்ணீர் லாரி.

காவிரிக் கரையில் இந்தக் கருவியை வைத்தால் யாரும் திரும்பிப் பார்க்க மாட்டார்கள். ராமநாதபுரத்தில் வைத்தால் ஊரே இரண்டு படும். வடகிழக்குப் பருவமழை மூன்று மாதம் பெய்கிறதை ஊருணியிலும் கண்மாயிலும் பிடித்து வைத்து ஆண்டு முழுக்க ஓட்டுகிற மாவட்டம் இது. தனுஷ்கோடியில் மணலைக் கையால் தோண்டி, ஊறி வருகிற தண்ணீரைக் கலங்காமல் மொண்டு குடத்தில் ஊற்றுகிறார்கள். கொஞ்சம் ஆழமாகத் தோண்டிவிட்டால் உப்பு. எடை குறைந்த நன்னீர், கனமான உப்புநீர் மேல் மிதந்து நிற்பதுதான் காரணம். கடல்மட்டத்துக்கு மேல் ஒரு மீட்டர் நன்னீர் இருந்தால் அதன் கீழே சுமார் 40 மீட்டர் வரை நன்னீர் தாங்கி நிற்கும் என்பது நிலத்தடி நீரியலின் பழைய கணக்கு. மேலே ஒரு மீட்டரை உறிஞ்சினால் கீழே 40 மீட்டருக்கு உப்பு ஏறி வரும்.

கருவியின் மறைமுகச் செலவு இதில்தான் இருக்கிறது. விளக்குக்காக ஊற்றை இறைத்த குடும்பம் அடுத்த கோடையில் குடிக்க உப்புத் தண்ணீரைத்தான் எடுக்கும். அந்த ஊற்று சீக்கிரம் திரும்பாது. தங்கச்சிமடம் அருகே கடலுக்குள்ளேயே நல்ல தண்ணீர் கிணறாக நிற்கிற வில்லூண்டி தீர்த்தத்தை நினைத்துப் பாருங்கள். நன்னீரும் கடலும் ஒரு சுவர் தூரத்தில். உவர்க்கலம் உள்ள உலகத்தில் அதைவிட விலை உயர்ந்த இடம் இருக்காது. அதைக் கோயிலாகக் காக்க ஒரு கூட்டமும், நிலையமாக மாற்ற ஒரு கூட்டமும் கிளம்பும். இரண்டு பக்கமும் நியாயம் இருக்கும்.

இன்னொரு செலவும் உண்டு. சவ்வில் பாசி பிடிக்கும். நிஜ நிலையங்களுக்கும் இது தலைவலிதான். சுத்தம் செய்ய நுணுக்கமான கை வேண்டும். மன்னார் வளைகுடாவில் விரல்களில் துணி சுற்றிக்கொண்டு, முகத்தில் கண்ணாடி மாட்டி, மூச்சடக்கி மூழ்கிப் பாறை இடுக்கிலிருந்து மரிக்கொழுந்துப் பாசியைக் கிள்ளி எடுக்கிற பெண்கள் இருக்கிறார்கள். துணி சுற்றியும் விரல் நுனி அறுபடும். சவ்வைக் கிழிக்காமல் பாசி எடுக்கத் தெரிந்தவர்கள் அவர்கள்தான் என்று வைத்தால், கூலிக்குப் பாசி எடுத்தவர் ஊரின் மின்சாரத்தைக் கையில் வைத்திருப்பவராக மாறுகிறார். நிஜத்தில் அவர்களுக்குக் கிடைக்காத பேரம் பேசும் வலு கதையிலாவது கிடைக்கட்டும் என்பது என் ஆசை.

நன்னீரே தேவைப்படாத வகையும் சாத்தியம். வாலிநோக்கம் பக்கம் உப்பளங்கள் இருக்கின்றன. கடல்நீரில் உப்பு 3.5 சதவீதம், உப்புப் பூக்கும் நிலையிலுள்ள பாத்தி நீரில் 26 சதவீதம் வரை. இந்த இரண்டுக்கும் நடுவே சவ்வைக் கட்டினால் இழுப்பு இன்னும் பலமாக இருக்கும். வெயில் காய்ச்சக் காய்ச்சக் கருவி நிறையும். மழை விழுந்தால் பாத்தி கரைந்து எல்லாம் போச்சு.

ஆக நன்னீர்க் கலம் ஐப்பசி, கார்த்திகையில் செழிக்கும், சித்திரையில் சாகும். உவர்நீர்க் கலம் நேர்மாறு. ஒரே கரையில் இரண்டு தரப்பு, ஆறு மாதத்துக்கு ஒரு முறை அதிகாரம் கைமாறும். வில்லனை வெளியிலிருந்து கொண்டுவர வேண்டிய தேவையே இல்லை.

உவர்க்கலம் எங்கே உதவாது? துரத்தல், போர், பறத்தல். சொட்டுச் சொட்டாக ஆற்றல் தருகிற கருவியை வைத்துக்கொண்டு நாயகன் கடற்கொள்ளையரை விரட்டினால் நம்பகம் போய்விடும்.

## இடிச்சங்கு

வேகமும் வீச்சும் வேண்டிய கதைக்கு இதுதான். மின்னலைச் சங்குக்குள் அடைப்பது கேட்கும்போது மந்திரமாகத் தோன்றினாலும் அடியில் ஒரு நியாயம் உண்டு. 1745, 1746 வாக்கில் ஐரோப்பாவில் செய்த லெய்டன் குடுவை என்பது கண்ணாடிச் சுவரின் உள்ளும் புறமும் மின்கடத்தியை வைத்து மின்னூட்டத்தைத் தேக்கியதுதான். கண்ணாடிக்குப் பதில் சங்கின் கெட்டியான ஓடு, உள்ளும் புறமும் கடல்நீர் என்று மாற்றிக்கொள்ளுங்கள். ஒரு மின்னலில் இருப்பது சுமார் நூறு கோடி ஜூல், அதாவது 280 யூனிட் மின்சாரம். அதில் பெரும்பகுதி வெப்பமாகவும் வெளிச்சமாகவும் இடியாகவும் கலைந்துவிடும். சங்கு பிடிப்பது அதில் ஆயிரத்தில் ஒரு பங்கு என்று வைத்தாலே ஒரு வத்தையை அலைமேல் தூக்கி எறியப் போதும்.

கீழக்கரைக்கும் சங்குக்கும் உள்ள உறவு பழையது. இந்தக் கடலில் குளித்தெடுத்த சங்கு வங்காளத்துக்குப் போய் வளையலானது. குளிப்பவர், முன்பணம் கொடுப்பவர், தரம் பிரிப்பவர் என்று ஒரு முழு வணிக ஏணி இங்கே தயாராக இருக்கிறது. நீங்கள் புதிதாகக் கட்ட வேண்டாம். இடம்புரியில் ஒரு வீச்சு, வலம்புரியில் திரும்பத் திரும்ப வீச்சு என்று விதி வைத்தால் வலம்புரிக்காகக் கொலை நடக்கும் உலகம் தானாக உருவாகும்.

மறைந்திருக்கும் செலவு மூன்று. சங்கு ஓர் உயிர். ஓட்டை எடுக்க அதைக் கொன்றாக வேண்டும், தேவை ஏறினால் கடல் வெறுமையாகும். ஈரக் காற்றில் மின்னூட்டம் கசியும். கரையோர இரவின் பிசுபிசுப்பில் விடிவதற்குள் பாதி போயிருக்கும். ஆகவே சேர்த்து வைக்க முடியாது, இன்று பிடித்ததை இன்றே செலவழிக்க வேண்டும். மூன்றாவது, நிரப்புகிறவர் இடிமழையில் திறந்த வெளியில் நிற்க வேண்டும். அந்த வேலைக்கு யார் அனுப்பப்படுவார்கள் என்பதை எழுதாமல் தாண்டக் கூடாது.

இங்கே ஒன்றை அழுத்திச் சொல்ல வேண்டும். இடியும் புயலும் வந்தவுடன் பலருக்குக் கை போவது 1964 டிசம்பர் தனுஷ்கோடிப் புயலுக்கு. யாரோ சங்கைத் தவறாகத் திறந்ததால்தான் அந்தப் புயல் வந்தது என்று தயவுசெய்து எழுதாதீர்கள். புயல் அடித்துச் சென்ற ரயிலோடு போனவர்களின் குடும்பங்கள் இன்னும் இந்தக் கரையில் இருக்கின்றன. உங்கள் உலகத்துக்கு உங்கள் புயலை நீங்களே உண்டாக்கிக்கொள்ளலாம்.

## திருக்கைப் பேழை

மின்சாரம் பாய்ச்சும் திருக்கை நிஜத்திலேயே உண்டு, நம் கரையோரக் கடல்களிலும் உண்டு. டார்பிடோ வகையில் பெரியவை 200 வோல்ட் வரை அடிக்கும். 1800-இல் வோல்டா தன் முதல் மின்கல அடுக்கை அறிவித்தபோது, இந்த மீனின் மின் உறுப்பைப் போலச் செய்தது என்றே விளக்கினார். பேட்டரியின் பாட்டன் ஒரு திருக்கைதான்.

மடிச் சட்டிக்குள் உள்ளங்கை அளவு திருக்கைக் குஞ்சு. தட்டினால் மின்சாரம். தொடர்ந்து தட்டினால் களைத்துப் படுத்துவிடும், இரை தின்று ஓய்வெடுத்தால்தான் அடுத்த முறை. தண்ணீர் மாற்ற வேண்டும், சூடு ஏறாமல் பார்க்க வேண்டும். ஐந்து கருவிகளில் மாட்டேன் என்று சொல்லக்கூடியது இது ஒன்றுதான். சிறுவர் கதை எழுதுகிறவர்கள் வேறெதையும் தேட வேண்டாம். மன்னார் வளைகுடாவின் 21 தீவுகளைச் சுற்றிய கடல் 1986-இல் தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்டது. அந்த எல்லையை உங்கள் உலகத்தில் திருக்கைகள் வகுத்த எல்லையாகக்கூட எழுதலாம். பெரியவர்களுக்கான அரசியல் கதைக்கு இது தாங்காது. வாசகர் முழுக்க முழுக்கத் திருக்கை பக்கம் சாய்ந்துவிடுவார், மற்ற வாதங்கள் எடுபடாது.

## கதிர்க்கல்

கதிரியக்கத்தால் தானாகவே சூடு தரும் கல். தீராத கல் வேண்டும் என்று பிடிவாதமாக இருப்பவர்களுக்கு மட்டும். 1977-இல் கிளம்பிய வாயேஜர் விண்கலங்கள் புளூட்டோனியம்-238-இன் வெப்பத்தில்தான் இன்றுவரை பேசுகின்றன. அதன் அரையாயுள், அதாவது பாதி சிதைந்து தீர ஆகும் காலம், 87.7 ஆண்டு. தோரியம் அடங்கிய மோனசைட் மணல் கன்னியாகுமரி மாவட்டத்து மணவாளக்குறிச்சியில் கிடைக்கிறது. ஆனால் தோரியத்தின் அரையாயுள் சுமார் 1,400 கோடி ஆண்டு. அவ்வளவு மெதுவாகச் சிதைவது கையைக்கூடச் சுட வைக்காது. ஆகவே கல் வெளியூரிலிருந்து தோணியில் வர வேண்டும், அதை மாற்றுகிற வித்தையும் வெளியூராரிடம் இருக்க வேண்டும். தின்னாத, தீராத, கேட்காத கருவி. கையாண்டவர் உடம்பில் மட்டும் பல ஆண்டு கழித்துக் கணக்குத் தீர்க்கும். மூன்று தலைமுறைக் கதை எழுதுகிறீர்கள், பேத்தி காலத்தில்தான் விலை தெரிய வேண்டும் என்றால் எடுங்கள். மற்றவர்கள் விட்டுவிடுங்கள்.

## காற்றுச்சுருள்

விசிறியில் சுற்றி முறுக்கேற்றும் சுருள். எஃகுச் சுருளில் நிற்கிற ஆற்றல், அதே எடை லெட் ஆசிட் பேட்டரியில் நூறில் ஒரு பங்குகூட வராது. எனவே சுருளின் பொருளுக்கு மட்டும் கொஞ்சம் மாயம் சேர்க்க வேண்டும், மற்றதெல்லாம் ஊரே தரும். கச்சான் என்னும் தென்மேற்குக் காற்று வீசும் மாதங்களில் மன்னார் வளைகுடா பொங்கும், வாடை வீசும் மாதங்களில் பாக் நீரிணை பொங்கும். பருவத்துக்குத் தக்கபடி படகுகளைத் தென்கடலுக்கும் வடகடலுக்குமாக மாற்றிக்கொள்வது பாம்பன், மண்டபம் வழக்கம். சுருளும் அப்படியே கரை மாறும்.

காற்றுக்குச் சொந்தக்காரர் இல்லை என்பது இதன் அழகு, பலவீனமும் அதுவே. யாரும் யாரிடமும் கையேந்த வேண்டாம் என்றால் மோதல் எங்கிருந்து வரும்? துருவிலிருந்து வரும். வல்லத்துப் பலகைக்குப் பூசுகிற மீனெண்ணெயைச் சுருளுக்கும் வாரம் தவறாமல் பூச வேண்டும். தவறினால் முறுக்கேறிய சுருள் அறுந்து கையைக் கொண்டுபோகும். ஊர் கூடி ஒரு பொருளைக் காப்பாற்றுகிற, பெரிய வில்லன் இல்லாத, மனசுக்கு இதமான கதைக்கு இது பொருந்தும். கொல்லுப்பட்டறையை நடுவில் வைத்து எழுத ஆசைப்படுகிறவர்களுக்கும்.

## நான் எதை எடுப்பேன்

தயக்கமில்லாமல் உவர்க்கலம். வெளிச்சத்துக்கும் குடிதண்ணீருக்கும் நடுவே ஒரு தாய் தேர்ந்தெடுக்க வேண்டிய நிலை இந்தக் கரையில்தான் இவ்வளவு கூர்மையாக வரும். விளையாட்டு செய்கிறவர்களுக்கும் இதையே சொல்வேன். இரண்டு குடத்துக்கு ஒரு முழு நிரப்பு என்பது திரையில் காட்டத் தோதான கணக்கு. ஆட்டக்காரருக்கு ஒவ்வொரு குடமும் உறுத்தும்.

அதிரடிக் காட்சி நான்கைந்தாவது தேவை என்றால் உவர்க்கலத்தோடு இடிச்சங்கைச் சேர்க்கலாம். அன்றாடத்துக்குக் கலம், ஆபத்துக்குச் சங்கு. ஒன்றை மற்றொன்றால் நிரப்ப முடியாது என்று மட்டும் விதி வையுங்கள். முடியும் என்று விட்டால் ஊற்றுக்காரரும் சங்குக்காரரும் ஒரே ஆளாகிவிடுவார்கள், கதையில் பாதிப் பேரம் செத்துவிடும். மூன்று கருவிகளுக்கு மேல் ஒரே கதையில் போட வேண்டாம்; வாசகர் எதன் விதியையும் நினைவில் வைக்க மாட்டார்.

எதை எடுத்தாலும் முதல் அத்தியாயத்துக்கு முன் ஒரு தாளில் நான்கு வரி எழுதி வைத்துக்கொள்ளுங்கள்: ஒரு முறை நிரப்ப என்ன போகிறது, நிரம்பியது எத்தனை நேரம் நிற்கும், பழுதானால் யார் வீட்டு வாசலுக்குப் போக வேண்டும், அவர் என்ன கூலி கேட்பார். நான்காவது வரிக்கு உங்களிடம் பதில் இல்லையென்றால் கருவியை மாற்றுங்கள், கதையை இன்னும் தொடங்க வேண்டாம்.